பதினாலாம் தேதி ஜுரம்

கோர்ட்டுக் குமாஸ்தா அந்தக் காகிதத்தைக் கையில்கூட வாங்கவில்லை. ஆள்காட்டி விரலால் மேசைமேலேயே திருப்பித் தள்ளிவிட்டார்.

"கெடு நேத்தோட முடிஞ்சிபோச்சு முசியே."

ஜானகிராமன் சிரித்தார். புதுச்சேரியில் வக்கீலை அவொக்கா என்பார்கள், மரியாதையாக முசியே என்று கூப்பிடுவார்கள். அவொக்கா ஜானகிராமன் சிரித்தால் பெரிய வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் வரை கேட்கும் என்றும் சொல்வார்கள்.

"நேத்து பதினாலாந் தேதிய்யா. ஜூலை பதினாலு. லீவு நாள்ல கெடு முடிஞ்சா மறுநாள் குடுக்கலாம்னு சட்டத்துல இருக்குது. இதெல்லாம் உனக்கு நான் சொல்லணுமா?"

"லீவா? யாருக்கு லீவு?" குமாஸ்தா பக்கத்து மேசைக்காரரைத் திரும்பிப் பார்த்தார். "ஏன்யா, நேத்து நமக்கு லீவா? நான்தான் தெரியாம வந்து நாள் பூரா குந்திக்கினு இருந்துட்டேனா?"

பக்கத்து மேசைக்காரர் தலையை நிமிர்த்தாமலே சொன்னார்: "வெள்ளைக்காரன் கொடியை இறக்கிட்டுப் போயிட்டான். அவன் திருநாளுக்கு நமக்கு எதுக்கு லீவு? இனிமே ஆகஸ்டு பதினஞ்சுதான். முசியே போன வருஷம் மீட்டிங்குல அப்படித்தானே பேசினாரு?"

அவொக்காவின் சிரிப்பு பாதியில் நின்றது.

அவருக்குப் பின்னால் வாசற்படி ஓரமாக நின்றிருந்த அஞ்சலாட்சிக்குச் சட்டம் தெரியாது. ஆனால் சிரிப்பு பாதியில் நிற்பது எப்படியிருக்கும் என்று தெரியும். மேஸ்திரி சத்தமில்லாமல் பின்னால் வந்து நிற்கும்போது அவள் வேலை செய்யும் ஆலையில் பெண்களின் சிரிப்பு அப்படித்தான் நிற்கும்.

"இன்னா முசியே, வாங்கிக்க மாட்டேங்கிறாரா?"

"நீ சும்மா இரு. வெளியே வா."

அந்தக் காகிதத்தில் இருந்தவை மூன்று பேரின் பெயர்கள். மூன்று சாட்சிகள். வீராம்பட்டினம் அம்மன் கோயிலில் வடிவேல் அவள் கழுத்தில் தாலி கட்டியதைக் கண்ணால் பார்த்தவர்கள். அந்த மூவரும் கூண்டில் ஏறிச் சொன்னால் அவள் வடிவேலின் மனைவி. சொல்லாவிட்டால், அவன் வீட்டில் இத்தனை வருஷம் இருந்த யாரோ ஒருத்தி.

தறி ஓட்டிக்கொண்டிருந்த வடிவேல் மார்ச்சளியில் விழுந்து தை மாதம் செத்துப்போனான். கருமாதிப் பந்தலைப் பிரிப்பதற்குள் அவன் தம்பி சுப்பிரமணியன் வழக்குப் போட்டுவிட்டான். கதிர்காமத்து ஓட்டு வீடு அண்ணனுடையது. அண்ணனுக்குப் பிள்ளை இல்லை, பெண்டாட்டியும் இல்லை. வீட்டில் இருப்பவள் அண்ணனுடைய வைப்பு. ஆகவே வீடு தனக்கு. இதுதான் வழக்கு. கல்யாணம் மேரியில் பதிவாகவில்லை என்பதுதான் அவன் கையில் இருந்த ஒரே ஆயுதம். மேரி என்கிற நகராட்சிக் கச்சேரியில் பிறப்பு, இறப்பு, கல்யாணம் எல்லாவற்றையும் எழுதிவைக்க வேண்டும் என்பது பிரெஞ்சுக்காரன் போட்ட சட்டம். அறுவடை முடிந்ததும் போய் எழுதிவிடலாம் என்று வடிவேல் சொன்னான். அறுவடை முடிந்தபோது ஆலையில் வேலைநிறுத்தம். அப்புறம் கேட்கும்போதெல்லாம், "ஊருக்கே தெரியும், மேரிக்குத் தெரியலன்னா இன்னாடி?" என்று சிரித்துவிடுவான்.

சுப்பிரமணியன் அவள் போட்ட சோற்றைத் தின்று மீசை முளைத்தவன். "பின்னே ஏன் அவளை அண்ணி என்று கூப்பிட்டாய்?" என்று முதல் விசாரணையில் கேட்டதற்கு, "எங்க ஊருல வயசுல மூத்த பொம்பளைங்க எல்லாருமே அண்ணிதான்" என்று கண்ணை மூடித் திறப்பதற்குள் பதில் சொன்னான். கோர்ட்டில் இரண்டு பேர் சிரித்தார்கள். அஞ்சலாட்சிக்கு வீடு போகும் என்கிற பயத்தைவிட அந்தச் சிரிப்புதான் உள்ளே இறங்கிப் புண்ணாயிருந்தது. வீடு கிடக்கட்டும். அந்தப் பேர் அவளுக்கு வேண்டும். இன்னாரின் பெண்டாட்டி என்று கோர்ட்டில் ஒருதரம் சொல்லிவிட்டால் போதும், அப்புறம் அவள் எந்தத் தெருவிலும் தலை நிமிர்ந்து நடப்பாள்.

மேரியில் எழுதாத கல்யாணமானால் சாட்சிகளை வைத்து நிரூபிக்கலாம், ஜூலை பதினாலாம் தேதிக்குள் சாட்சிகளின் பெயர்களைக் கொடுக்க வேண்டும் என்று நீதிபதி கெடு வைத்தார். பெயர்கள் அன்றைக்கே தயார். "இப்பவே குடுத்துடலாமே முசியே" என்று அவளும் கேட்டாள்.

"விவரம் தெரியாதவ நீ" என்றார் ஜானகிராமன். "இப்பவே குடுத்தா உன் கொழுந்தன் ஒவ்வொரு சாட்சி வீட்டுக்கும் சாராயத்தோட போய் நிப்பான். கடைசி நாள்ல குடுக்கணும். பதினாலு லீவு. அதனால கடைசி நாள் பதினஞ்சு. அன்னிக்குக் காலையில நானே கையில கொண்டுபோய்க் குடுக்கறேன்."

அவர் சொன்னது சரியாகத்தான் பட்டது. அவள் பிறந்ததிலிருந்து ஜூலை பதினாலு பிரெஞ்சுக்காரனின் தேசியத் திருநாள், ஊர் முழுக்க லீவு. காலையில் சிப்பாய்கள் அணிவகுப்பு, பேண்டு வாத்தியம். ராத்திரி கடற்கரையில் வாணவேடிக்கை. தீபாவளி எந்தத் தேதியில் வருகிறது என்று பஞ்சாங்கத்தைப் பார்க்க வேண்டும். ஜூலை பதினாலுக்கு யாரும் எதையும் பார்த்ததில்லை.

அந்தப் பதினாலாம் தேதி விடியற்காலையில் ஆலைச் சங்கு ஊதியபோது அவளுக்குத் தூக்கிவாரிப் போட்டது உண்மை. அவசரமாக ஓடியவள், ஆலை வாசலில் கலியமூர்த்தியைப் பார்த்துக் கேட்கவும் கேட்டாள். கலியமூர்த்தி வடிவேலுக்குப் பக்கத்துத் தறிக்காரர், அவள் கல்யாணத்தில் மாப்பிள்ளைத் தோழனாக நின்றவர், காகிதத்தில் முதல் பெயர் அவருடையதுதான்.

"அண்ணே, இன்னிக்கு லீவு இல்லியா?"

"இல்லியாம். மொதலாளி நோட்டீசு ஒட்டிட்டான்."

"அப்போ கோர்ட்டு?"

"கோர்ட்டு சர்க்காரு தங்கச்சி. ஆலைக்கும் அதுக்கும் இன்னா சம்மந்தம்? அவொக்காவுக்குத் தெரியாததா?"

அவளும் அதோடு விட்டுவிட்டாள். நூல் சுற்றும் பிரிவில் நாள் முழுக்க நின்று வேலை பார்த்தாள். மத்தியானச் சங்கில் ஒரு நடை கடற்கரைப் பக்கம் போய்க் கோர்ட்டுக் கதவு திறந்திருக்கிறதா என்று எட்டிப் பார்த்திருக்கலாம். அதை நினைக்கும்போதெல்லாம் தன் தலையில் தானே அடித்துக்கொள்ள வேண்டும் போலிருந்தது.

கோர்ட்டிலிருந்து வெளியே வந்ததும் ஜானகிராமன் அவளைத் தன் வீட்டு முன்னறைக்கு அழைத்துப்போனார். மின்விசிறியைச் சுழலவிட்டார். கைக்குட்டையால் பிடரியைத் துடைத்தார். நாற்காலி முதுகில் அவருடைய கறுப்புக் கோட்டு தொங்கியது. அதன் நெஞ்சில் நீலம், வெள்ளை, சிவப்பு மூன்று நிறத்தில் சின்ன நாடா ஒன்று குத்தியபடியே இருந்தது. முந்தின சாயங்காலம் பிரெஞ்சுக் கோன்சுல் வீட்டு விருந்துக்குப் போட்டுக்கொண்டு போன கோட்டு. அவள் அதைப் பார்ப்பதை அவர் பார்த்தார். எழுந்து கோட்டை எடுத்து உள்ளே கொண்டுபோய் மாட்டிவிட்டு வந்தார்.

"பயப்படாதே. கோர்ட்டு வெச்ச கெடுவைக் கோர்ட்டே நீட்டலாம். தெலே கேக்கறதுன்னு பேரு. தகுந்த காரணம் இருந்தா ஜட்ஜு குடுப்பாரு. ஆனா ஒரே ஒரு தடவைதான் கேக்கலாம். இல்லேன்னுட்டா அதோட முடிஞ்சிது."

"காரணம்தான் இருக்குதே முசியே. லீவுன்னு நெனைச்சிட்டோம்னு சொல்லிடுங்க."

"அதெப்படிச் சொல்றது?"

"நடந்தது அதுதானே?"

அவர் முகம் சிவந்தது. "நடந்ததையெல்லாம் கோர்ட்டுல சொல்லிக்கினு இருந்தா அவொக்கா எதுக்கு? ஒதியஞ்சாலைத் திடல்ல ஆயிரம் பேருக்கு முன்னால, வெள்ளைக்காரன் காலண்டரைக் கிழிச்சி எறியணும்னு பேசினவன் நான். இப்போ போய், அதே காலண்டரைப் பாத்து ஏமாந்துட்டேன்னு கையெழுத்துப் போட்டுக் குடுக்கறதா? சர்க்கார் வக்கீல் வேலைக்கு என் பேரு மேலே போயிருக்குது. நாளைக்கே ஊரு கைகொட்டிச் சிரிக்கும்."

"என்னைப் பார்த்து இப்பவே சிரிக்குதே முசியே."

"உனக்காகத்தான் சொல்றேன் கேளு" என்று அவர் குரலைத் தணித்தார். "லீவுன்னு நெனைச்சேன்றது மறதி. மறதிக்கு எந்தக் கோர்ட்டும் இரங்காது. ஒடம்பு சரியில்லேன்னா அது வேற. கடவுள் குடுத்தது. உனக்கு மூணு நாளாக் கடுமையான ஜுரம். பதினாலாந் தேதி எழுந்து ஒக்காரக்கூட முடியலே. அதனால வந்து காகிதத்துல கையெழுத்துப் போட முடியலே. எவ்வளவு சுத்தமா இருக்குது பாரு."

"எனக்கு ஜுரமே இல்லியே."

"இருந்துதுன்னு சொல்லப் போறோம்."

"டாக்டர் கேட்டா?"

"நாட்டு வைத்தியம். கஷாயம் குடிச்சே. கஷாயத்துக்கு யாரு சீட்டு தருவா?"

மின்விசிறி கடகடவென்று சுழன்றுகொண்டிருந்தது. எழுந்து போய்விடலாம் என்று அவளுக்குத் தோன்றியது. போனால் வேறு அவொக்காவைத் தேட வேண்டும். ஊரில் எத்தனை அவொக்கா இருக்கிறார்கள், அதில் எத்தனை பேர் ஆலைக்காரிக்குக் கதவு திறப்பார்கள்? இவராவது தன் பீசில் பாதியை அப்புறம் வாங்கிக்கொள்கிறேன் என்றவர். ஒரே தடவைதான் கேட்க முடியும் என்கிறார். பலமான காரணம் வேண்டும் என்கிறார். படித்தவர்.

பேனாவை வாங்கித் தன் பெயரை எழுதினாள். அ வளைவில் மை கொட்டி ஒரு பொட்டு விழுந்தது.

"கலியமூர்த்தி அண்ணன்கிட்டே சொல்லிடட்டுமா?" என்றாள் எழுந்திருக்கும்போது.

"யாருகிட்டேயும் சொல்லாதே. அவன் வரவும் வேணாம். இதுல அவனுக்கு வேலையில்லே."

சொல்ல அவளுக்கும் வாய் வரவில்லை. கலியமூர்த்தி வேறு மாதிரி மனிதர். மேஸ்திரி கேட்டால்கூட, "ஆமா, நான்தான் நூலை அறுத்தேன்" என்று சொல்லிவிட்டு அபராதம் கட்டுகிறவர். ஊர்ப் பஞ்சாயத்தில் இரண்டு கட்சிக்காரர்களும் அவரையே சாட்சிக்குக் கூப்பிடுவார்கள். "கலியமூர்த்தி சொன்னா ஜட்ஜே எழுந்து நிப்பாரு" என்று ஜானகிராமனே ஒருமுறை சொல்லியிருக்கிறார். அப்படிப்பட்டவரிடம் போய், எனக்கு ஜுரம் வந்ததாக எழுதிக் கொடுத்திருக்கிறேன் என்று எப்படிச் சொல்வது?

ஆடி பிறந்து சில நாள் கழித்து மனு விசாரணைக்கு வந்தது.

பிரெஞ்சுக்காரன் போய்விட்டாலும் கோர்ட்டில் பிரெஞ்சு போகவில்லை. சட்டமும் அதேதான், பாஷையும் அதேதான். அவொக்காக்கள் பிரெஞ்சில் பேச, துபாசி அதைத் தமிழில் மாற்றிச் சொன்னார். நீதிபதி என்னவோ இந்த ஊர்க்காரர்தான். அவளைப்போலவே மாநிறம். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துத் துடைத்து மாட்டிக்கொண்டிருந்தார்.

ஜானகிராமன் நன்றாகப் பேசினார். துபாசி மாற்றிச் சொல்லச் சொல்ல அஞ்சலாட்சிக்கே தனக்கு அன்றைக்கு ஜுரம் அடித்ததுபோல இருந்தது. ஏழை விதவை, தனிக்கட்டை, தண்ணீர் கொடுக்கக்கூட ஆளில்லை, பாயில் சுருண்டு கிடந்தாள்.

சுப்பிரமணியனின் அவொக்கா எழுந்து ஒரே ஒரு வார்த்தை கேட்டார்: "அத்தாட்சி?"

"நாட்டு வைத்தியம்" என்றார் ஜானகிராமன்.

"வைத்தியர் பெயர்?"

"வீட்டுக் கஷாயம்."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். அவர் பார்வை அஞ்சலாட்சியைத் தாண்டிப் பின்பக்கம் போனது. அங்கே கடைசி பெஞ்சில், துவைத்த வேட்டியும் தோளில் மடித்த துண்டுமாகக் கலியமூர்த்தி உட்கார்ந்திருந்தார். அவள் கோர்ட்டுக்கு லீவு கேட்டிருந்ததை ஆலையில் கேள்விப்பட்டு, ராத்திரி ஷிப்டு முடித்து, தங்கச்சி வழக்காச்சே என்று நேராக வந்திருந்தார். அவள் அப்போதுதான் அவரைப் பார்த்தாள்.

"அவர் யார்?"

ஜானகிராமன் பதில் சொல்லுமுன் கலியமூர்த்தியே எழுந்து கும்பிட்டார். "கலியமூர்த்திங்க. வடிவேலுக்குக் கூட்டாளி. இந்தத் தங்கச்சி கல்யாணத்துல மாப்பிளைத் தோழன் நான்தாங்க."

நீதிபதி எதிரே இருந்த காகிதத்தைப் புரட்டினார். வாங்காமல் திருப்பிய சாட்சிப் பட்டியல் மனுவோடு வைத்துத் தைக்கப்பட்டிருந்தது. முதல் பெயரில் விரலை வைத்தார். "பட்டியலில் முதல் ஆள். சரி, இப்படி வாருங்கள்."

ஜானகிராமன் எழுந்து பிரெஞ்சில் படபடவென்று என்னவோ சொன்னார். நீதிபதி கையை உயர்த்தி அமர்த்தினார். கலியமூர்த்தி முன்னால் வந்தார். சத்தியம் செய்யச் சொன்னபோது ரொம்பச் சிரத்தையாகச் செய்தார். அவருக்கு முகமெல்லாம் மலர்ந்திருந்தது. கடைசியில் கல்யாணத்தைப் பற்றிக் கேட்கப் போகிறார்கள் என்று நினைத்திருக்க வேண்டும்.

"இந்த அம்மாளைக் கடைசியாக இந்த மாதத்தில் எப்போது பார்த்தீர்கள்?"

"தெனமும் பாக்கறேங்க. ஒரே ஆலை."

"பதினாலாம் தேதி?"

"பாத்தேங்க. நல்லா ஞாபகமிருக்குது."

"எங்கே?"

"ஆலை வாசல்லேங்க. காலையில சங்கு ஊதினப்போ."

"எப்படி இருந்தார்?"

கலியமூர்த்திக்குக் கேள்வியே புரியவில்லை. "எப்படின்னாங்க? எப்பவும்போலத்தான். ஓடியாந்துச்சு. இன்னிக்கு லீவு இல்லியா அண்ணேன்னு கேட்டுச்சு. இல்லேன்னேன். அப்போ கோர்ட்டுன்னு கேட்டுச்சு. அது சர்க்காரு, அதுக்கு லீவுதான்னு நான்தாங்க சொன்னேன். தப்பு என் பேருல."

"உடம்பு சரியில்லாமல் இருந்ததா?"

"யாருக்குங்க? தங்கச்சிக்கா?" அவர் திரும்பி அஞ்சலாட்சியைப் பார்த்தார். அவள் தலையைக் குனிந்துகொண்டாள். ஏதோ தப்பாகிவிட்டது என்று அவருக்கு அப்போதுதான் உறைத்தது. ஆனாலும் சத்தியம் செய்தாகிவிட்டது. குரல் இறங்கிவிட்டது. "இல்லீங்க. சாயங்காலம் ஆலை விடற வரைக்கும் வேலை பாத்துச்சு."

பின்னால் சுப்பிரமணியன் இருமினான். அது இருமல் இல்லை.

நீதிபதி மனுவைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். பிறகு பிரெஞ்சை விட்டுத் தமிழுக்கு வந்தார். துபாசி அடுத்து என்ன செய்வது என்று தெரியாமல் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"ஏம்மா, ஜுரம்னு எழுதினதுக்குக் கீழே இருக்கறது உன் கையெழுத்துதானே?"

"ஆமாங்க."

"ஜுரம் இருந்துதா?"

"இல்லீங்க. லீவுன்னு நெனைச்சிட்டோம். அவரு..." ஜானகிராமன் பக்கம் கை போனது. "அதைச் சொல்லுங்கன்னுதான் நான் சொன்னேன். அது செல்லாதுன்னாரு."

ஜானகிராமன் மேலே கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"செல்லாதா?" நீதிபதி கண்ணாடியை மேசையில் வைத்தார். "அதே பதினாலாந் தேதிக் கெடுவை இன்னும் ரெண்டு மூணு பேரு தவறவிட்டாங்க. லீவுன்னு நெனைச்சோம் ஐயான்னு வந்து நின்னாங்க. அத்தனை பேருக்கும் தெலே குடுத்தேன். ஏன் தெரியுமா? அன்னிக்குக் காலையில நானே குளிக்காம வீட்டுல ஒக்காந்துக்கினு இருந்தேன். பியூன் வந்து கூப்பிட்ட பிறகுதான் எனக்கே தெரியும்."

கோர்ட்டில் யாரும் சிரிக்கவில்லை.

"அப்போ எனக்கும் குடுங்க சாமி" என்றாள் அஞ்சலாட்சி. "நானும் அதுக்குத்தானே ஏமாந்தேன்."

"அவங்க கேட்டதுக்குக் குடுத்தேன். நீ ஜுரத்துக்குக் கேட்டிருக்கே. கெடுவை நீட்டற அதிகாரம் என் கையில இருக்குது, சரி. ஆனா காரணத்தை நம்பித்தான் நீட்ட முடியும். எதை நம்பறது? எழுத்துல ஒண்ணு இருக்குது, சாட்சியும் நீயும் சொல்றது வேற. பொய்யான காரணத்துக்குத் தெலே குடுத்தேன்னா எதிராளி மேல்கோர்ட்டுல ஒரே நாள்ல ஒடைச்சிடுவான். மறுபடி கேக்கவும் சட்டத்துல எடமில்லே."

அப்புறம் அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு பிரெஞ்சுக்குத் திரும்பினார். துபாசி சொன்ன ஒரு வரிதான் அவள் காதில் விழுந்தது: "மனு தள்ளுபடி."

வெளியே வேப்பமரத்தடியில் ஜானகிராமன் கலியமூர்த்தியைப் பிடித்துக்கொண்டார்.

"உன்னை யாருய்யா வரச் சொன்னது? வாயைத் தெறந்து கெடுத்துட்டியே! ஞாபகமில்லேன்னு ஒரு வார்த்தை சொன்னா ஒன் நாக்கு அழுகிடுமா?"

கலியமூர்த்தி துண்டைக் கையில் எடுத்து முறுக்கிக்கொண்டே நின்றார். "எனக்குத் தெரியாதே முசியே. சொல்லியிருந்தா நான் வராமலே இருந்திருப்பேனே." பிறகு அஞ்சலாட்சியிடம், "நான் பொய் சொல்லியிருக்கணுமா தங்கச்சி?" என்றார்.

அவள் அவரைப் பார்த்தாள். அந்த முகத்தைப் பார்க்கப் பார்க்க ஆத்திரம்தான் வந்தது. இந்த வாயை நம்பித்தான் அவள் வழக்கே நடத்தினாள். கல்யாணத்தைப் பற்றி இந்த வாய் பேசியிருந்தால் ஜெயித்திருப்பாள்.

"தெரியலே அண்ணே" என்றாள். "நீங்க கொஞ்ச நாளைக்கு எங்கிட்டப் பேசாம இருங்க."

அவர் தலையாட்டிவிட்டு நடந்தார். அவர் தெருமுனை திரும்பும்வரை பார்த்துக்கொண்டிருந்தவள், ஜானகிராமன் பக்கம் திரும்பினாள்.

"முசியே, உங்க ஜுரம் சரியாப் போச்சா?"

"என்னது?"

"அன்னிக்கு ஜுரம் வந்தது உங்களுக்குத்தானே. கோட்டுல நாடா குத்திக்கிட்டுப் போனீங்களே, அந்த ஜுரம். அதைத்தானே என் தலையில எழுதிட்டீங்க."

"இந்தா, நாக்கை அடக்கிப் பேசு. பீசுல பாதி இன்னும் பாக்கி இருக்குது, ஞாபகம் வெச்சிக்க" என்றவர், கையைத் தட்டி ரிக்‌ஷாவைக் கூப்பிட்டு ஏறிக்கொண்டார். ரிக்‌ஷா கடற்கரைக் காற்றில் அவருடைய அங்கியைப் படபடக்கவிட்டுக்கொண்டு போயிற்று. வரும் மழைக்காலத்துக்குள் அவர் சர்க்கார் வக்கீல் ஆகிவிட்டார் என்பதையும் இங்கேயே சொல்லிவிடலாம். பதவியேற்ற அன்று திடலில் நடந்த பாராட்டுக் கூட்டத்தில், வாய்மையின் பெருமையைப் பற்றி அரை மணி நேரம் பேசினாராம்.

சாட்சி இல்லாத வழக்கில் தீர்ப்புச் சொல்ல அதிக நேரம் ஆகவில்லை. கல்யாணம் நிரூபிக்கப்படவில்லை. வீடு சுப்பிரமணியனுக்கு.

தீர்ப்பின் நகலை வீட்டில் கொண்டுவந்து கொடுத்தவர் உய்சியே. கோர்ட்டுத் தாக்கீதுகளை ஆளின் கையில் சேர்ப்பது அவர் வேலை. பெரியவர், நல்லவராகத்தான் தெரிந்தார். வெயிலில் சைக்கிள் மிதித்து வந்து, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, வாசலிலேயே முக்காலியில் உட்கார்ந்து காகிதங்களைப் பிரித்தார். உள்ளே அஞ்சலாட்சி பாத்திரங்களைக் கோணிப்பையில் கட்டிக்கொண்டிருந்தாள். சுப்பிரமணியன் முந்தின நாளே ஆள் அனுப்பி, எப்போது காலி செய்கிறாய் என்று கேட்டுவிட்டான். ஆலைக்குப் பக்கத்தில், கூட வேலை செய்யும் தனக்கொடி வீட்டில் ஒரு மூலை கிடைத்திருந்தது.

"இதை வாங்கிக்கிட்டா, இன்னியிலேருந்து மேல்முறையீட்டுக்குக் கெடு ஆரம்பிக்குதும்மா" என்றார் உய்சியே. சொல்ல வேண்டியது அவர் கடமை.

"மேல்முறையீட்டுல சாட்சியை விசாரிப்பாங்களா?"

"இங்கே தவறவிட்டதை அங்கே எப்படி விசாரிப்பாங்க?"

"பின்னே எதுக்கு அந்தக் கெடு?"

"கெடுன்னு ஒண்ணு இருக்குதும்மா. நான் சொல்லிட்டேன்" என்று அவர் பேனாவைத் திறந்தார். வந்தேன், இன்னாரிடம் கொடுத்தேன் என்று அவர் எழுத வேண்டும். "அஞ்சலாட்சி" என்று எழுதிவிட்டு நிறுத்தினார்.

"புருஷன் பேரு..." என்று பழக்கத்தில் ஆரம்பித்தவர், கையிலிருந்த தீர்ப்பைப் பார்த்துவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டார். அதற்குள் அவள் வாய் திறந்துவிட்டது.

"வடிவேலு."

"அதை எழுதக் கூடாதும்மா" என்றார் அவர் மெதுவாக. "அதுக்குத்தானே இந்தக் காகிதம். அப்பன் பேரு சொல்லு."

அவள் கோணிப்பையின் வாயைப் பிடித்தபடியே நின்றாள். செத்து எத்தனையோ வருஷமான மனிதர். கல்யாணத்துக்கு அப்புறம் எந்தக் கச்சேரியிலும், எந்த ஆலைச் சீட்டிலும் அந்தப் பெயரை அவள் சொல்ல வேண்டிவந்ததில்லை. சட்டென்று நாக்கில் வரவில்லை. உய்சியே அவசரப்படுத்தவில்லை. பேனா முனையில் மை காயாமல் இருக்க ஒருமுறை உதறிக்கொண்டார்.

"கிருஷ்ணசாமி" என்றாள் கடைசியில்.

அவர் எழுதிக்கொண்டார்.